பிராய்லர் கோழி ஏன் அடை உக்கார மாட்டேங்குது?

கொழிஞ்சாம்பாறைக்காரி:
வணக்கங்க. எங்க தோட்டத்துக்கு எதுக்கால ஒரு கோழி ஷெட் இருக்குது, கம்பெனி வண்டில குஞ்சு வந்து எறங்குது, கொஞ்ச நாள்ல ராத்திரியோட ராத்திரியா லாரில அள்ளிட்டுப் போயிர்றாங்க. இதுல அம்மா கோழி எதுன்னு பையன் கேக்குறான், ஏன் முட்டை வெக்கல, ஏன் அடை உக்காரலன்னு ஒரே கேள்வி. நான் அம்மாயி வீட்டுல கூடைக்குள்ள கோழி அடகாத்ததப் பாத்து வளந்தவ, இதுக்குப் பதில் தெரியலீங்க. ஊசி போட்டு வளக்குறதாலன்னு சொல்றாங்களே, நெசமா?

பல்லடம் ஷெட்காரன்:
அக்கா, நானே ஷெட் வெச்சிருக்கேன். ஹார்மோன் ஊசியெல்லாம் கெடையாதுங்க, அத்தன ஆயிரம் கோழிக்கு தெனமும் ஆரு ஊசி போடுறது. தடுப்பு மருந்து உண்டு, கண்ணுல சொட்டா விடுவோம், தண்ணில கலப்போம். சீக்கிரம் எடை ஏறுற கோழியாவே பொறுக்கிப் பொறுக்கி பல தலமுறையா சேத்து எடுத்த ரகம் இது, மக்காச்சோளம் சோயா தீவனம், 40 நாள்ல ரெண்டு கிலோ தாண்டிரும். நாட்டுக்கோழி மொத முட்டை வெக்கவே அஞ்சாறு மாசம் ஆகுமல்ல, இதுக அதுக்கு வெகு முன்னாலயே கறிக்கடைக்குப் போயிருது. லாரி ஏத்துறப்ப காது குடுத்துக் கேளுங்க, அத்தாப்பெரிய ஒடம்ப வெச்சுட்டு குஞ்சு மாதிரி கீச்சுகீச்சுன்னு தான் கத்தும். தாய்க்கோழி எங்கயோ வேற பண்ணையில, முட்டை 21 நாள் மெஷின்ல, பொரிஞ்சதும் பொட்டில ஏத்திருவாங்க. தாய் மூஞ்சி பாக்காத சீவனுங்க, எனக்கும் மனசு கஷ்டமாத்தான் இருக்குது.

மீனாட்சிபுரம் வாசி:
ஹார்மோன் இல்ல சரி, ஆன்டிபயாடிக் விசயத்தையும் சொல்லணும்ல. மனுசனுக்கு வேற எதுவும் கேக்காதப்ப கடைசியா குடுக்குற கொலிஸ்டின் மருந்த கோழி வளரட்டும்னு தீவனத்துல கலந்துட்டு இருந்தாங்க, 2019ல தான் மத்திய அரசு தடை போட்டுச்சு. நெருக்கிப் போட்டு வளத்தா நோவு வரத்தான் செய்யும், அப்ப மருந்தத் தேடறாங்க.

ஆனமலைக்காரன்:
பையனப் பறம்பிக்குளம் கூட்டிட்டுப் போங்க, விடியக்கால ரோட்டோரம் சாம்பல் காட்டுக்கோழி மேயும். நம்மூட்டுக் கோழிக்கு மஞ்சத்தோல் அதோட கலப்புல தான் வந்துச்சுன்னு 2008ல மரபணு பாத்துச் சொன்னாங்க. கறிக்கடையில தொங்கறதுக்கும் இந்தக் காட்டுக்கும் ஒறவு இருக்குன்னு அவன் தெரிஞ்சுக்கட்டும்.

கொழிஞ்சாம்பாறைக்காரி:
ரொம்ப நன்றிங்க எல்லாத்துக்கும். ஒரு நாட்டுப் பெட்ட வாங்கி அடை வெக்கலாம்னு இருக்கேன், கடை முட்டை வெச்சா பொரியுமா?

பல்லடம் ஷெட்காரன்:
பொரியாதுக்கா, பண்ணையில சேவலே விடமாட்டாங்க. சேவலோட திரியற பெட்டையோட முட்டையா, ஒரு வாரத்துக்குள்ள வெச்சதா பாத்து வாங்குங்க, ஃபிரிட்ஜ்ல வெச்சுராதீங்க.