ஜாவாவில் பிறந்த லில் டாகோவர்

தோபாயோ வாசகி: நேற்று இரவு ‘டாக்டர் கலிகாரி’ (1920) என்ற ஜெர்மன் மௌனப்படம் பார்த்தேன். கோணல்மாணல் கூரைகள் மேல், வெள்ளை உடையில் மயங்கிக் கிடக்கும் ஜேனைத் தூக்கத்தில் நடப்பவன் சுமந்துகொண்டு போகிறானே, அந்தக் காட்சி கண்ணை விட்டுப் போகவில்லை. ஜேனாக நடித்த அந்த லில் டாகோவர் யார்? அப்புறம் என்ன ஆனார்?

பீஷான் தம்பி: நம் சிங்கப்பூருக்குப் பக்கத்து ஊர்தான் அக்கா! 1887இல் ஜாவாவின் மடியூனில் பிறந்தவர். அப்பாவுக்கு வனத்துறை வேலை. சிறு வயதிலேயே ஜெர்மனி போய்விட்டார். 1913இல் நடிகர் ஃபிரிட்ஸ் டாக்ஹோஃபரை மணந்தார். அந்தப் பெயரிலிருந்து வந்ததுதான் டாகோவர்.

உட்லண்ட்ஸ் ரசிகன்: பேசும்படம் வந்த பிறகும் அசரவில்லை, 1970களிலும் நடித்தார். 1980இல் காலமானார். அடுத்து ஃபிரிட்ஸ் லாங் 1921இல் எடுத்த ‘களைத்த மரணம்’ பாருங்கள். நம் புராணத்துச் சாவித்திரி மாதிரி, காதலன் உயிருக்காகச் சாவிடமே மன்றாடுவார். எனக்கு அதுதான் அவருடைய உச்சம்.

தோபாயோ வாசகி: சரி, இன்றைக்கே பார்க்கிறேன்!