39 ஆட்டம், 72 இன்னிங்ஸ்: ரிங்கு சிங்கின் 2012 கணக்கைப் படிப்பது எப்படி?

யீஷூன்_ஸ்கோரர்:
வணக்கம். பள்ளி சாஃப்ட்பால் சிசிஏவுக்கு (பாடத்துக்கு வெளியேயான பள்ளிக் குழு) ஸ்கோர் ஷீட் எழுதுகிறேன். கிரிக்கெட் மட்டுமே தெரிந்த பெற்றோருக்கு ரிலீஃப் பிட்சர் (ஆட்டத்தின் நடுவில் மாற்றாக வந்து பந்து வீசுபவர்) என்றால் என்ன என்று விளக்க, நம்மவர் பெயராக இருக்கட்டுமே என்று ரிங்கு சிங்கை எடுத்தேன் (கிரிக்கெட் வீரர் அல்ல, அமெரிக்காவில் பேஸ்பால் ஆடிய இந்தியர்). 2012இல் வெஸ்ட் வர்ஜீனியா பவர் என்ற மைனர் லீக் அணிக்கு 39 ஆட்டம், 72 இன்னிங்ஸ் (மூன்று அவுட் எடுத்தால் பிட்சருக்கு ஓர் இன்னிங்ஸ்), 3 வெற்றி 1 தோல்வி, 65 ஸ்டிரைக் அவுட் (மூன்று ஸ்டிரைக்கில் பேட்டர் அவுட்), ஈ.ஆர்.ஏ. (9 இன்னிங்ஸுக்கு அவர் பொறுப்பில் ஏறும் ரன், குறைந்தால் நல்லது) 3.00. இது நல்ல கணக்கா? நல்லதென்றால் ஏன் உச்ச நிலையான மேஜர் லீக் வரை போகவில்லை? நடுவில் வந்து போடுபவர் கணக்கில் எந்த ரன் ஏறும், எது ஏறாது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தெம்பனிஸ்_இடக்கை:
முதலில் 3-1ஐ மறந்துவிடுங்கள். தன் பெயர் கணக்கில் இருக்கும்போது அணி முன்னிலை பெற்று அதை விடாமல் வைத்திருந்தால் ரிலீஃப் பிட்சருக்கு வெற்றி எழுதுவார்கள். முன்னிலையைத் தானே கோட்டைவிட்டு, அடுத்த பாதியில் சொந்த அணி திரும்ப அடித்துக் கொடுத்தாலும் வெற்றி அவருக்கே போகலாம். அதை வைத்துத் திறமையை அளக்க முடியாது.

72ஐ 39ஆல் வகுத்தால் ஓர் ஆட்டத்துக்கு ஏறக்குறைய 1.85 இன்னிங்ஸ். கடைசி இன்னிங்ஸில் வந்து மூன்று அவுட் எடுத்துப் போகும் குளோசர் வேலை இல்லை இது. ஸ்டார்ட்டர் (ஆட்டத்தைத் தொடங்கும் பிட்சர்) சீக்கிரம் கிளம்பியதும் ஐந்தாவது, ஆறாவதில் உள்ளே வந்து பாரம் சுமக்கிற வேலை. இடக்கை ஆள் என்பதால் ஒரே ஒரு இடக்கை பேட்டருக்காக மட்டும் கூப்பிட்டிருப்பார்கள் என்று நினைக்கவும் வழியில்லை, சராசரியே அதற்கு இடம் கொடுக்கவில்லை.

ஸ்டிரைக் அவுட் 65 என்பது 9 இன்னிங்ஸுக்கு 8.1. 72 இன்னிங்ஸில் மொத்தம் 216 அவுட், அதில் சுமார் 30 சதவீதத்தை ஃபீல்டர் கை வைக்காமலே எடுத்திருக்கிறார். 2008இல் வாழ்க்கையில் முதல்முறை பேஸ்பாலைத் தொட்ட ஓர் ஈட்டி எறியும் பையனுக்கு இது அபாரம்.

பிறகு ஏன் ஏறவில்லை? வயது. அவர் பிறந்தது 1988 ஆகஸ்ட். பவர் அணி ஆடிய சௌத் அட்லாண்டிக் லீக் அப்போது லோ-ஏ நிலை (மைனர் லீகின் கீழ்ப் படிகளில் ஒன்று), அங்கே ஆடுபவர்களில் பெரும்பாலோர் 21, 22 வயது. 24ஐத் தொடும் ஒருவர் அங்கே 3.00 எடுத்தால் ஸ்கவுட் 'சரி, அடுத்த நிலையில் பார்ப்போம்' என்பார், அவ்வளவுதான். பவர் அணியின் தாய் அணியான பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அமைப்பில் அதற்கு மேலே பிராடெண்டன், அல்டூனா, இண்டியானாபொலிஸ் என்று இன்னும் மூன்று படி இருந்தது. முதல் படி ஏறும் முன்பே முழங்கை போய்விட்டது.

கிளமெண்டி_கதிர்:
காலவரிசை: 2008இல் இந்தியாவில் பிட்சர் தேடிய 'மில்லியன் டாலர் ஆர்ம்' போட்டியில் மணிக்கு 87 மைல், அதாவது 140 கி.மீ. வேகத்தில் வீசி முதலிடம். பிட்சிங் பயிற்சியாளர் டாம் ஹவுஸிடம் பயிற்சி. அதே ஆண்டு நவம்பரில், அதே போட்டியிலிருந்து வந்த தினேஷ் பட்டேலோடு சேர்த்து பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் ஒப்பந்தம். 2009 ஜூலையில் கல்ஃப் கோஸ்ட் லீகில் வெற்றி பெற்றபோது, தொழில்முறை பேஸ்பால் ஆட்டத்தில் வென்ற முதல் இந்தியர் ஆனார். 2011-12 கோடைக்காலத்தில் ஆஸ்திரேலியாவில் கான்பெரா கேவல்ரிக்கு ஆடினார். 2013 சீசன் காயத்தில் போனது, முழங்கையில் டாமி ஜான் அறுவை சிகிச்சை. 2016இல் விடுவிக்கப்பட்டு, 2018இல் மல்யுத்தத்துக்குப் போய்விட்டார்.

இணையத்தில் தேடும்போது ஒன்று கவனிக்க வேண்டும். 2021இல் மைனர் லீகையே பிரித்து மேய்ந்தார்கள். கல்ஃப் கோஸ்ட் லீக் இப்போது புளோரிடா காம்ப்ளெக்ஸ் லீக். சௌத் அட்லாண்டிக் லீக் பெயர் இப்போது ஹை-ஏ நிலைக்குப் போய்விட்டது. வெஸ்ட் வர்ஜீனியா பவர் மேஜர் லீக் இணைப்பையே இழந்தது. பழைய கணக்கை இன்றைய படிநிலையோடு ஒப்பிட்டால் தப்பாகத்தான் வரும்.

அங்மோகியோ_அம்பயர்:
ஸ்கோர் ஷீட் கேள்விக்கு வருகிறேன், எல்லோரும் சறுக்கும் இடம் இதுதான்.

பேஸில் நிற்கும் ரன்னர் யார் போட்ட பந்தில் ஏறினாரோ அவர் கணக்குக்கே அந்த ரன். ஸ்டார்ட்டர் இரண்டு பேரை விட்டுப் போகிறார், ரிலீஃப் பிட்சர் வந்து முதல் பந்திலேயே டபுள் (இரண்டு பேஸ் அடி) வாங்குகிறார், இருவரும் ஓடி வந்துவிட்டார்கள். இரண்டு ரன்னும் ஸ்டார்ட்டருக்கு. வந்தவருடைய ஈ.ஆர்.ஏ. அசையாது. அதனால்தான் ரிலீஃப் பிட்சரின் ஈ.ஆர்.ஏ.வை மட்டும் பார்த்து நம்பாதீர்கள். முந்தைய பிட்சர் விட்டுப்போன ரன்னர் எத்தனை, அதில் எத்தனை பேர் ஸ்கோர் பண்ணினார்கள் என்று தனி நிரல் போடுங்கள்.

நுணுக்கம் ஒன்று. கணக்கு ரன்னரின் ஆளைப் பார்த்து அல்ல, எண்ணிக்கையைப் பார்த்து. பிட்சர் ராஜா ஒருவரை முதல் பேஸில் விட்டுப் போகிறார். அடுத்த பிட்சராக மணி வருகிறார், கிரவுண்டர் (தரையில் உருளும் அடி), ரன்னர் இரண்டாவது பேஸில் அவுட், அடித்தவர் முதல் பேஸில் சேஃப். இப்போது நிற்பது மணியின் பேட்டர்தான், ஆனால் அவர் ஸ்கோர் பண்ணினால் ரன் ராஜாவுக்கு. ராஜா ஒருவரை விட்டுப் போனார், ஒருவர் இன்னும் நிற்கிறார்.

இன்னொன்று: ஃபீல்டர் பிழை நடக்காவிட்டால் இன்னிங்ஸ் முன்பே முடிந்திருக்கும் என்றால், பிறகு வரும் ரன்கள் அணிக்கு அன்-எர்ன்டு, அதாவது ஈ.ஆர்.ஏ.வில் சேராது. ஆனால் பிழைக்குப் பிறகு உள்ளே வந்த ரிலீஃப் பிட்சருக்கு அந்தச் சலுகை இல்லை. அவர் ஏற்றிய பேட்டர் ஸ்கோர் பண்ணினால் அவருக்கு எர்ன்டு, ஈ.ஆர்.ஏ.வில் சேரும். பிட்சர்களின் எர்ன்டு ரன் கூட்டுத்தொகையும் அணியின் கூட்டுத்தொகையும் பொருந்தாமல் போனால் பதறாதீர்கள்.

எக்செலில் 72.1 என்று அடித்துப் பெருக்காதீர்கள். அது 72 இன்னிங்ஸும் ஒரு அவுட்டும். அவுட்டாக மாற்றி 217 என்று வைத்து, 3ஆல் வகுத்துக்கொள்ளுங்கள். சாஃப்ட்பால் 7 இன்னிங்ஸ் ஆட்டம், எனவே ஈ.ஆர்.ஏ.வுக்கு 9க்குப் பதில் 7ஆல் பெருக்க வேண்டும். அதே 24 எர்ன்டு ரன், 72 இன்னிங்ஸ், இங்கே 2.33 என்று வரும். பெற்றோர் இரண்டையும் அருகருகே வைத்து ஒப்பிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்!

யீஷூன்_ஸ்கோரர்:
நன்றி அண்ணா, எங்கள் ஷீட்டில் கூட்டுத்தொகை ஏன் இடித்தது என்று இப்போதுதான் புரிகிறது. அந்த அறுவை சிகிச்சை எவ்வளவு பெரியது?

தெம்பனிஸ்_இடக்கை:
முழங்கை உட்புறத்தில் மேல்கை எலும்பையும் அல்னாவையும் கட்டி வைத்திருக்கும் தசைநார் கிழிந்துவிடும். இரண்டு எலும்பிலும் துளை போட்டு, வேறு இடத்திலிருந்து எடுத்த தசைநாணை அதில் கோத்துக் கட்டுவார்கள். 1974இல் டாக்டர் ஃபிராங்க் ஜோப் டாட்ஜர்ஸ் பிட்சர் டாமி ஜானுக்கு முதலில் செய்தது. பெரும்பாலும் முன்கை நாண்தான் எடுப்பார்கள். கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் ஒட்டவைத்து மணிக்கட்டை மடக்குங்கள், நடுவில் கயிறு மாதிரி எழுந்து நிற்பது அதுதான். சிலருக்கு அது பிறவியிலேயே இருக்காது, அப்போது தொடையிலிருந்து எடுப்பார்கள்.

ஆட்டத்துக்குத் திரும்ப 12 முதல் 18 மாதம். எறிதல் நான்கைந்து மாதம் கழித்து 45 அடி, அதாவது 14 மீட்டரில் மெதுவாகத் தொடங்கும், பிறகு 60, 90, 120 அடி என்று போகும். மவுண்ட் (பிட்சர் நின்று வீசும் மேடு) ஏறுவது அதற்கெல்லாம் அப்புறம். 25 வயதில் லோ-ஏ தாண்டாத ஒரு ரிலீஃப் பிட்சருக்கு அந்த ஒன்றரை ஆண்டை யாரும் திருப்பித் தரமாட்டார்கள்.

உங்கள் பிள்ளைகளில் அவுட்ஃபீல்டிலிருந்து மேற்கை வீச்சில் எறிபவர்களைக் கவனியுங்கள். முழங்கை உட்புறம் வலி, சுண்டுவிரலும் மோதிரவிரலும் மரத்துப்போவது, வேகம் குறைவது அல்லது குறி தவறுவது, இவற்றில் எது வந்தாலும் அன்றைக்கு எறிவதை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் காட்டுங்கள். ஐஸ் வைத்துவிட்டு மறுநாள் மைதானத்துக்கு அனுப்பாதீர்கள்.