கேரல் என்ற சொல்லிடம் ஏமாந்தவர்கள் யாராவது உண்டா?

நாசரேத்துக்காரன்:
டிசம்பர் வந்தால் ராத்திரி முழுக்க வீடு வீடாகக் கிறிஸ்துமஸ் பாட்டுப் பாடும் கேரல் ரவுண்ட்ஸ் போய்த் தொண்டை கட்டியவன் நான். அந்தச் சொல்லை எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம் என்ற நினைப்பு. போன வருடம் இங்கிலாந்தில் குளோஸ்டர் கதீட்ரல் போனோம், ஹாரி பாட்டர் படம் எடுத்த அதே தாழ்வாரம். சுற்றிக்காட்டிய அம்மா "இந்தப் பக்கம் 20 கேரல் இருக்கிறது" என்றார், நான் சட்டென்று "எந்தக் காலத்துப் பாட்டு?" என்று கேட்டுவிட்டேன். அவர் சிரிக்கவில்லை, அதுதான் இன்னும் உறுத்துகிறது. பேசாமல் சுவரைக் காட்டினார். வரிசையாகக் கல் மாடங்கள், ஒவ்வொன்றிலும் ஓர் ஆள் உட்கார்ந்து படிக்கிற அகலம், வெளிச்சத்துக்குக் குட்டி ஜன்னல். துறவிகள் படித்த இடமாம். எழுத்துக்கூட்டல் வேறு, காதுக்கு இரண்டும் ஒன்றுதான். லைப்ரரிகளில் தடுத்துப் போட்ட ஒற்றை மேசைக்கும் இதே பெயர்.

லீட்ஸ் மழை:
எங்கள் ஆபீஸில் கேரல் என்றே ஒருவர். கார்டில் "பெயரிலேயே கிறிஸ்துமஸ் பாட்டை வைத்திருப்பவருக்கு" என்று எழுதிக் கொடுத்தேன். படித்துவிட்டு, "அது சார்லஸ் என்ற பெயரின் பெண்பால், நான் பிறந்தது ஜூலையில்" என்றார். அப்படியானால் பாட்டும் ஏதோ ராஜா சார்லஸ் பெயரில் வந்ததாகத்தானே இருக்கும்?

அரியர்_எம்ஏ:
லீட்ஸ் மழை, இல்லவே இல்லை. ஆள் பெயர் கரோலஸ் என்ற லத்தீன் வழி. பாட்டு வேறு குடும்பம்: பழைய பிரெஞ்சில் கரோல் என்றால் கைகோத்து வட்டமாக ஆடிக்கொண்டே பாடுவது. அதற்கும் முன்னால் கிரேக்கத்தில் கோரஸுக்குக் குழல் ஊதுகிறவன் வரை இழுத்துக்கொண்டு போவார்கள், எனக்கு அதில் அவ்வளவு நம்பிக்கை இல்லை.

நான் மாட்டியது வகுப்பில். ராபர்ட் மானிங் என்ற ஆங்கிலக் கவிஞர் 1303-இல் எழுதத் தொடங்கிய நூலில் ஒரு கதை வரும், கல்லறைத் தோட்டத்தில் கேரல் நடத்தியவர்களுக்குப் பாதிரியார் சாபம் கொடுப்பார். "கிறிஸ்துமஸ் அன்று பாட்டுப் பாடினால் என்ன குற்றம்?" என்று கேட்டேன். பேராசிரியர் புத்தகத்தை என் பக்கம் தள்ளி, "அடுத்த பத்தியைச் சத்தமாகப் படி" என்றார். படித்தேன். ஆடுகிறவர்களில் பாதிரியாரின் மகளும் இருக்கிறாள். அண்ணன் ஓடிவந்து கையைப் பிடித்து இழுக்கிறான், கை தனியாக வந்துவிடுகிறது, ரத்தம் ஒரு சொட்டு இல்லை, அவள் பாட்டுக்கு ஆடிக்கொண்டே இருக்கிறாள். ஒரு வருடம் முழுக்க. அதற்கப்புறம் கேரல் என்றாலே எனக்கு அந்தக் கைதான்.

மொழிபெயர்ப்புக் கூலி:
நான் ஏமாந்தது பக்கத்து வீட்டுச் சொல்லில். பழைய கேரல்களில் ஒவ்வொரு கண்ணிக்குப் பிறகும் திரும்ப வருகிற அடிக்கு ஆங்கிலத்தில் 'பர்டன்' என்று பெயர். நான் "கேரலின் சுமை" என்று எழுதி அனுப்பிவிட்டேன். எடிட்டர் ஓரத்தில் "எத்தனை கிலோ?" என்று மட்டும் எழுதித் திருப்பினார். சுமை என்ற பழைய ஆங்கிலச் சொல்லும், அடிநாதம் என்ற பொருளுள்ள 'பூர்தோன்' என்ற பிரெஞ்சுச் சொல்லும் ஒன்றோடொன்று கலந்துபோயிருக்கின்றன.

குரவைக்காரி:
கூலி அண்ணே, அந்த இடத்தில் பல்லவி என்று போடாதீர்கள். எல்லோரும் அதைத்தான் போடுகிறார்கள். பல்லவிக்கு அனுபல்லவி, சரணம் என்று ஒரு பட்டாளமே கூட வரும், வாசிக்கிறவருக்குக் கச்சேரி நினைப்பு வந்துவிடும். நடுவில் ஒருவர் ஒரு கண்ணியைப் பாட, வட்டத்தில் இருப்பவர்கள் சேர்ந்து எடுக்கிற அடி அது, மிதி மாறுவதும் அங்கேதான். "மறித்துப் பாடும் அடி" என்று நீட்டி எழுதினாலும் தப்பில்லை. கேரலுக்கே "குரவை" என்று போட்டுப் பாருங்கள். ஆய்ச்சியர் குரவையில் ஏழு பெண்கள் கைகோத்து நின்று ஆடுவதும் பாடுவதும்தானே? ஸ்டோன்ஹெஞ்ச் கற்களைக்கூட வாஸ் என்ற கவிஞர் 1155-இல் பிரெஞ்சில் "அரக்கர்களின் கரோல்" என்றுதான் எழுதினார், வட்டமாக நிற்பதால். குரவையும் ஆட்டமாக இருந்து இன்று வெறும் குலவைச் சத்தமாகச் சுருங்கிவிட்டது, இரண்டு சொல்லுக்கும் ஒரே தலையெழுத்து.

என் அனுபவம் சின்னதுதான். லண்டனில் கேரல் ஆராதனையில் பாட்டு முடிந்த வேகத்தில் என் மாமியார் பழக்கதோஷத்தில் குலவை போட்டுவிட்டார்.

நாசரேத்துக்காரன்:
அக்கா, கேரலுக்குக் குரவை என்றால் எங்கள் ஊர் குருவானவர் ஒப்புவாரா? கீத பவனி என்றே இருக்கட்டும். அது சரி, மாமியாருக்கு என்ன ஆச்சு, அதைச் சொல்லாமல் போய்விட்டீர்களே?

குரவைக்காரி:
முன் வரிசையில் ஒரு தாத்தா திரும்பிப் பார்த்துக் கை தட்டினார். அப்புறம் எல்லோரும் தட்டினார்கள். மாமியார் முந்தானையை இழுத்து வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்தவர்தான், வீடு வரும்வரை எடுக்கவே இல்லை.