மறுமொழி: பிளாக் மாஸ் – தமிழில் என்ன சொல்லலாம்?

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

'பிளாக் மாஸ்' (black mass) என்ற சொல்லுக்கு இதுவரை வந்த பரிந்துரைகள் மூன்று: கருநிறை, கருந்திரள், மின்கலக் கழிவுத்தூள். முதலாவதை உடனே தள்ளிவிடலாம். நிறை என்றால் கிலோகிராமில் அளப்பதுதான் நினைவுக்கு வரும். இங்கே பேச்சு ஒரு பொருளைப் பற்றி. மின்வண்டியின் லித்தியம் பேட்டரியில் மிச்சமிருக்கும் மின்சாரத்தை இறக்கி, நொறுக்கி, செம்பு, அலுமினியம், பிளாஸ்டிக் எல்லாவற்றையும் சலித்து எடுத்தபின் மிஞ்சுவது இது. கிராஃபைட்டால் கறுத்திருக்கும், லித்தியம், நிக்கல், கோபால்ட், மாங்கனீசு எல்லாம் இதற்குள்தான் கிடக்கின்றன. கையில் எடுத்தால் தூள். திரளும் பொருந்தாது.

மூன்றாவதில் உள்ள சிக்கல் வேறு. இது கழிவா, மூலப்பொருளா என்பதில்தான் அரசுகளே ஆளுக்கொரு பக்கம் நிற்கின்றன. ஐரோப்பிய ஆணையம் 2025 மார்ச்சில் இதை அபாயக் கழிவு என்று வகைப்படுத்தியது. அபாயக் கழிவு என்றால் ஓஇசிடி (பெரும்பாலும் வளர்ந்த நாடுகள் சேர்ந்த பொருளாதாரக் கூட்டமைப்பு) அமைப்புக்கு வெளியே உள்ள நாடுகளுக்கு அனுப்பக்கூடாது. தென்கொரியாவுக்குப் போகலாம், இந்தியாவுக்கு வராது. நச்சு ஒரு காரணம். உலோகம் கைவிட்டுப் போய்விடக்கூடாது என்பது இன்னொன்று. சீனாவோ 2025 ஆகஸ்ட் 1 முதல், தரம் தேறிய தூள் திடக்கழிவே அல்ல என்று சொல்லி இறக்குமதிக்கு வழிவிட்டது. அவர்கள் மொழியிலும் இதற்குக் கறுப்புத் தூள் என்றுதான் பெயர். இந்தியா 2025-26 நிதிநிலை அறிக்கையில், லித்தியம் அயனி பேட்டரிக் கழிவின் மீதான அடிப்படைச் சுங்க வரியை நீக்கியது.

ஆக, பெயரிலேயே கழிவு என்று வைத்தால் ஐரோப்பிய ஆணையத்துக்கு வக்காலத்து வாங்கியதாகிவிடும். கலைச்சொல்லுக்கு அந்த வேலை வேண்டாம். என் பரிந்துரை: கருந்தூள்.

---

ஐயா, வணக்கம்.

கருந்தூள் எனக்குச் சம்மதம். ஆங்கிலத்தில் 'பிளாக் பவுடர்' எனப்படும் வெடிமருந்தோடு குழம்பாதா என்பது மட்டும் ஐயம். அப்புறம் இன்னொன்று: ஐரோப்பாவில் லித்தியத்தின் 'மறுசுழற்சி விகிதம்' 2031இல் 80 விழுக்காடு என்று ஒரு கட்டுரையில் இருக்கிறது, 6 என்று இன்னொன்றில் இருக்கிறது. எது சரி?

---

வணக்கம்.

வெடிமருந்துக்குக் கருமருந்து என்ற சொல் ஏற்கெனவே இருக்கிறது. குழம்பாது.

நீங்கள் கேட்ட எண்கள் இரண்டுமே சரி. இரண்டையும் ஒரே பெயரில் எழுதியதுதான் கோளாறு. 2023இல் வந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் பேட்டரி ஒழுங்குமுறை இரண்டு பேரிடம் இரண்டு கணக்குக் கேட்கிறது. மறுசுழற்சி ஆலை, தன்னிடம் வரும் பழைய பேட்டரியில் உள்ள லித்தியத்தில் 50 விழுக்காட்டை 2027 முடிவுக்குள்ளும், 80 விழுக்காட்டை 2031 முடிவுக்குள்ளும் மீட்க வேண்டும். பேட்டரி தயாரிப்பாளரோ 2031 ஆகஸ்ட் முதல், புதிய வண்டி பேட்டரியில் உள்ள லித்தியத்தில் 6 விழுக்காடாவது மீட்கப்பட்டது என்று காட்ட வேண்டும். முன்னதை மீட்பு வீதம் என்றும், பின்னதை மீள்பொருள் பங்கு என்றும் பிரிக்கலாம்.

6 என்பது கஞ்சத்தனமாகத் தெரியும். விற்கும் வண்டிகள் ஆண்டுதோறும் கூடுகின்றன. பழைய பேட்டரி திரும்பி வரப் பத்து ஆண்டுக்கு மேல் ஆகலாம். வந்ததை முழுக்க மீட்டாலும் புதிய தேவைக்கு முன் அது கொஞ்சம்தான். இதே சட்டம் காரீயத்துக்கு 85 கேட்கிறது, ஏனென்றால் அந்தச் சந்தை எப்போதோ நிலைபெற்றுவிட்டது. இந்தியாவின் 2022 பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகளிலும் இரண்டு கணக்கும் தனித்தனிதான்: மின்வண்டி பேட்டரிக்கு மீட்பு 2026-27 முதல் 90 விழுக்காடு, மீள்பொருள் பங்கு 2027-28இல் 5இல் தொடங்கி 2030-31இல் 20.

கருந்தூள், மீட்பு வீதம், மீள்பொருள் பங்கு என்ற மூன்று சொற்களையும் தனித்தனிப் பதிவாக ஏற்றிவிடலாம். கருந்தூளுக்கு விளக்கம் எழுதுபவர், லித்தியம் இரும்பு பாஸ்பேட் வகை பேட்டரியின் தூளில் நிக்கலும் கோபால்ட்டும் இராது, அதனால் விலையும் குறைவு என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள்.