நாய்க்குட்டிகள் பேசும் டிவிடி படம்: பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டலாமா?

பனைமரத்தான்:
லீவுக்குப் பிள்ளைகளுக்கு என்ன படம் போடலாம் என்று ஒரு தோழி கேட்டிருந்தார். நான் டிஸ்னியின் 'ஸ்னோ படீஸ்' என்று சொன்னேன். 2008 பிப்ரவரியில் தியேட்டர் பக்கமே போகாமல் நேராக டிவிடியில் வந்த படம். உடனே நாலு பேர் "குப்பை" என்று எழுதிவிட்டீர்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை, அதனால்தான் தனி இழை.

ஆறு வயசுப் பிள்ளைக்கென்றே எடுத்த படம் இது. ரோஸ்பட், புத்தா, பட்டர்பால், பி-டாக், மட்பட் என்று ஐந்து கோல்டன் ரெட்ரீவர் குட்டிகள். ஒவ்வொன்றுக்கும் ஒரே ஒரு குணம். பட்டர்பால் தீனிப்பண்டாரம். ஐஸ்கிரீம் வண்டிக்குள் அது ஏறிவிட, மற்ற நாலும் பின்னாலேயே ஏற, கதவு மூடிக்கொள்ள, இறங்கிப் பார்த்தால் அலாஸ்கா! அங்கே ஷாஸ்தா என்ற ஹஸ்கி (பனிவண்டி இழுக்கும் நாய் இனம்) குட்டி, பனிச்சறுக்கு வண்டிப் பந்தயத்துக்கு ஏங்கும் ஒரு பையன். கதை அவ்வளவுதான், ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். இன்று தியேட்டருக்கு வரும் குழந்தைப் படங்களில் பாதி ஜோக் அப்பா அம்மாவுக்கு, மீதி விளம்பரத்துக்கு. இதில் எல்லாமே குழந்தைக்கு.

மீனாட்சி_78:
குப்பை என்று எழுதியவர்களில் நானும் ஒருத்தி. காரணம் சொல்கிறேன்.

'ஸ்னோ படீஸ்' ஒரு படவரிசையில் வந்தது. அந்த வரிசையின் முதல் படம் 1997-இல் வந்த 'ஏர் பட்', கூடைப்பந்து ஆடும் நாயின் கதை. அதில் நடித்தது 'படி' (Buddy) என்ற நாய், தெருவில் திரிந்ததை ஒருவர் எடுத்து வளர்த்தது. அது நிஜமாகவே மூக்கால் தள்ளிப் பந்தைக் கூடைக்குள் போட்டது. ஒரு வார்த்தை பேசவில்லை, பேசவும் வேண்டியிருக்கவில்லை. 1998-இல் அது புற்றுநோயில் இறந்துபோனது. அதற்கப்புறமும் படங்கள் வந்துகொண்டே இருந்தன. 2000-இல் வந்த மூன்றாவது படத்திலிருந்து நேராக வீடியோதான். 2006-இல் குட்டிகளைக் கொண்டுவந்து பேசவும் வைத்துவிட்டார்கள்.

ஒரு காட்சியைச் சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். வாய் மட்டும் கம்ப்யூட்டரில் அசையும். கண் இரண்டும் கேமராவுக்கு மேலே எங்கேயோ, தீனி பிடித்திருக்கும் பயிற்சியாளர் கையைப் பார்த்துக்கொண்டிருக்கும். பக்கத்தில் இருக்கும் குட்டியிடம் பேசுவதாகக் கதை, பார்வை அந்தப் பக்கமே திரும்பாது. முதல் படத்தில் நாய் செய்ததைப் பார்த்தோம். இதில் நாய்க்குட்டி ஒன்றுமே செய்வதில்லை.

பனைமரத்தான்:
சத்தத்தை அணைத்துவிட்டு எந்தக் குழந்தையும் படம் பார்க்காது மீனாட்சி. குரல் கொடுத்தவர்களைப் பாருங்கள். குட்டிகளுக்கு வண்டி இழுக்கக் கற்றுக்கொடுக்கும் கிழட்டு நாய் டேலனுக்குப் பாடகரும் நடிகருமான கிரிஸ் கிரிஸ்டாஃபர்சன். அந்தக் கரகரத்த குரலில் ஒரு தாத்தாவே இருக்கிறார். நடிகை வூப்பி கோல்ட்பெர்க் ஒரு பூனைக்கு. டிவிடி படம்தானே என்று யாரும் ஏனோதானோ என்று பேசவில்லை.

வாயில்லாஜீவன்:
நீங்கள் இருவரும் படம் நல்லதா கெட்டதா என்று பேசுகிறீர்கள். அந்தப் படப்பிடிப்பில் குட்டிகள் செத்தது தெரியுமா?

2007-இல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் படப்பிடிப்பு. அமெரிக்காவிலிருந்து கொண்டுபோன குட்டிகளில் பல, எட்டு வாரம்கூட நிறையாதவை. குட்டிகளைக் கொல்லும் பார்வோ என்ற தொற்றுநோய் பரவியது. ஐந்து குட்டிகள் போய்விட்டன. இது வதந்தி இல்லை, அப்போதே செய்தியாக வந்தது. இது தெரிந்த பிறகு அந்தப் படத்தில் குட்டிகள் பனியில் உருண்டு விளையாடுவதைப் பார்த்து என்னால் சிரிக்க முடியாது. என் பிள்ளைக்கும் போட்டுக் காட்ட மாட்டேன்.

பனைமரத்தான்:
கேள்விப்பட்டேன். வருத்தமான விஷயம்தான், மறுக்கவே இல்லை. ஆனால் பார்வோ ஒரு வைரஸ். யாரும் அடித்துக் கொல்லவில்லையே. நல்லாப் பார்த்துக்கொள்ளும் வீட்டுக்குள்ளும் வருகிற நோய்தானே? அதற்காக ஒரு முழுப் படத்தையும், அதில் வேலை பார்த்த அத்தனை பேரையும் தூக்கிப் போட்டுவிடுவதா?

கால்நடை_டாக்டர்:
இங்கே ஒரு விளக்கம் அவசியம். பார்வோ எந்த வீட்டுக்குள்ளும் வரலாம் என்பது உண்மை. ஆனால் எந்த வயதில், எத்தனை குட்டிகளோடு என்பது மனிதர்கள் எடுக்கும் முடிவு.

குட்டிக்குத் தாயின் சீம்பாலில் இருந்து எதிர்ப்புச் சக்தி கிடைக்கிறது. அது வாரா வாரம் இறங்கிக்கொண்டே போகும், ஆறு வாரத்துக்கு மேல் ஒரு கட்டம் வரும். நோயைத் தடுக்கும் அளவுக்கு அது மிச்சமிருக்காது, ஆனால் போடும் தடுப்பூசியை வேலை செய்யவிடாமல் தடுக்கும் அளவுக்கு இருக்கும். அந்த இடைவெளியில்தான் பார்வோ அடிக்கிறது. குடல் உட்சுவரையே அரித்துவிடும். ரத்தபேதி, வாந்தி, நீர் வற்றிப்போதல். நல்லாத் துள்ளிக்கொண்டிருந்த குட்டி இரண்டே நாளில் போய்விடும். மலத்தில் வெளிவரும் வைரஸ் மண்ணிலும் தரையிலும் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும். சும்மா சோப்புப் போட்டுக் கழுவினால் போகாது, பிளீச்சிங் வேண்டும்.

ஆக, அந்த வயதில் தாயிடமிருந்து பிரித்து, நீண்ட தூரம் ஏற்றிக்கொண்டுபோய், ஒரே இடத்தில் கூட்டமாக வைத்தால் என்ன நடக்கும் என்பது எந்த மருத்துவருக்கும் முன்கூட்டியே தெரியும். அமெரிக்கச் சட்டமே எட்டு வாரத்துக்குக் குறைந்த குட்டியை வியாபாரத்துக்காக ஏற்றிச் செல்லக் கூடாது என்கிறது. நம் நாட்டிலும் 2017 நாய் வளர்ப்பு, விற்பனை விதிகளின்படி எட்டு வாரத்துக்கு முன் விற்கக் கூடாது.

வாயில்லாஜீவன்:
நன்றி டாக்டர். நான் சொல்ல வந்ததும் இதுதான், இன்னும் ஒரு படி மேலே போய்ச் சொல்கிறேன்.

2006-இலிருந்து 2013 வரைக்கும் இந்தக் குட்டிகளை வைத்து ஏழு படங்கள். அந்த ஏழு வருஷமும் ரோஸ்பட் குட்டி, பட்டர்பால் குட்டி. ஒன்றுகூட வளரவில்லை! நிஜ நாய் ஒரு வருஷத்தில் வளர்ந்து நிற்கும். அப்படியானால் ஒவ்வொரு படத்துக்கும் புதுசாக ஒரு கூட்டம் குட்டிகள் வேண்டும். ஒரு படத்துக்குள்ளேயே, படப்பிடிப்பு முடிவதற்குள் வளர்ந்துவிடும் என்பதால் மாற்றுக் குட்டிகள் வேண்டும். 1995-இல் 'பேப்' எடுத்தபோது ஒரே ஒரு பன்றிக்குட்டி வேடத்துக்கு 48 பன்றிக்குட்டிகள் தேவைப்பட்டன. இங்கே ஐந்து வேடம், ஏழு படம். கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். பெரிய நாய் ஒன்றைப் பழக்கி நடிக்கவைப்பது வேறு. குட்டியாகவே இருக்க வேண்டும் என்பதுதான் இந்த வரிசையின் மூலதனம், அங்கேதான் தப்பே.

பனைமரத்தான்:
சரி, வழி என்ன? 2020-இல் ஒரு பெரிய படத்தில் நாயை முழுக்கக் கம்ப்யூட்டரிலேயே செய்தார்கள். அந்தச் செலவை டிவிடிக்கு எடுக்கும் சின்னப் படம் தாங்குமா? நீங்கள் சொல்கிறபடி போனால் விலங்குப் படம் பணக்கார ஸ்டுடியோவுக்கு மட்டும் என்று ஆகிவிடும். நிஜ நாயின் ரோமத்தையும் தள்ளாட்டத்தையும் திரையில் பார்க்கிற சந்தோஷம் குழந்தைக்குப் போய்விடும்.

மீனாட்சி_78:
தாங்காவிட்டால் எடுக்க வேண்டாம். வளர்ந்த நாயை வைத்து எடுக்கட்டும். முதல் படம் அப்படித்தானே எடுத்தார்கள்?

ரம்யா_ஈரோடு:
நம்ம ஊரில் 1960 விலங்குவதைத் தடுப்புச் சட்டம் வருவதற்கே ருக்மிணி தேவி அருண்டேல் மாநிலங்களவையில் கொண்டுவந்த மசோதாதான் வழிவிட்டது. இன்று விலங்கை வைத்துப் படம் எடுக்கணும்னா விலங்கு நல வாரியத்தின் அனுமதி வாங்கியாகணும். தயாரிப்பாளர்கள் இழுத்தடிப்பு என்று சலித்துக்கொள்கிறார்கள். இந்த இழையைப் படித்தபிறகு அந்தக் கெடுபிடி இருக்கட்டும் என்றுதான் தோன்றுகிறது. டாக்டர், ஒரு சந்தேகம். இந்த மாதிரிப் படம் பார்த்துவிட்டு நாய்க்குட்டி கேட்டு அடம்பிடிக்கும் பிள்ளைகள் உங்களிடம் வருவதுண்டா?

கால்நடை_டாக்டர்:
பிள்ளையோடு அப்பாவும் வருவார், கையில் முப்பது நாள் குட்டி இருக்கும். "சின்னதா இருந்தாத்தான் சார் நல்லாப் பழகும்" என்று விற்றவர் சொல்லியிருப்பார். அதை நம்பாதீர்கள் அம்மா. எட்டு வாரம் தாயோடும் கூடப்பிறந்தவைகளோடும் இருந்த குட்டிதான் கடிக்கும் வேகத்தை அடக்கக் கற்றுக்கொள்ளும்.

பனைமரத்தான்:
டாக்டர் சொன்ன இந்த விஷயத்தைப் படம் போடும்போதே என் பையனிடம் சொல்வேன். படத்தை மட்டும் மறைக்க மாட்டேன். எட்டு வயசுப் பிள்ளைக்கு இது புரியும்.

வாயில்லாஜீவன்:
உங்கள் வீடு, உங்கள் முடிவு அண்ணா. ஆனால் லீவுக்குப் படம் கேட்கிறவர்களுக்கு நீங்கள் பரிந்துரைத்தால், அந்த ஐந்து குட்டிகளைப் பற்றி நான் கீழே எழுதுவேன்.

ரம்யா_ஈரோடு:
டாக்டர், பத்து வாரக் குட்டி ஒன்று எடுக்கப் போகிறோம். முதல் ஊசி போட்டாச்சு என்கிறார்கள். அதுபோதுமா?

கால்நடை_டாக்டர்:
போதாது. மூன்று, நாலு வாரத்துக்கு ஒன்று என்று பதினாறு வாரம் ஆகும்வரை போட வேண்டும். அது முடியும்வரை தெருவில் இறக்கிவிடாதீர்கள். தடுப்பூசி அட்டையைக் கேட்டு வாங்குங்கள், மருந்துப் புட்டியின் ஸ்டிக்கர் அதில் ஒட்டியிருக்கிறதா என்று பாருங்கள்.