இரட்டைக் குழந்தைகள் ரெண்டு பேருமே அட்டையில் மஞ்சள்: ஒற்றைக் குழந்தையின் அளவை வைத்துப் பார்க்கலாமா?

கேட்டவர்: மையம்_தேனி

வணக்கம். அங்கன்வாடியில் எடை பார்க்கிறேன். எங்கள் பகுதியில் ஓர் இரட்டை, ஆண் ஒன்று பெண் ஒன்று. 34 வாரம் முடிந்து பிறந்தவர்கள். பிறந்த எடை பையனுக்கு 2.1 கிலோ, பாப்பாவுக்கு 1.7 கிலோ. இப்போது பிறந்து 22 வாரம். பையன் 5.9, பாப்பா 5.2. தாய்ப்பால் மட்டும்தான் குடிக்கிறார்கள். வளர்ச்சி அட்டையில் 5 மாதக் கோட்டில் புள்ளி வைத்தால் இரண்டுமே மஞ்சளில் (எடைக் குறைவு) விழுகிறது. அதே வாரத்தில் பிறந்த பக்கத்து வீட்டு ஒற்றைக் குழந்தை 7 கிலோவைத் தாண்டிவிட்டது.

வீட்டில் பாட்டி, "பால் பத்தல, பவுடர் பாலை ஆரம்பி" என்கிறார். "வயித்துக்குள்ளயே இவன் அவ பங்கையும் சாப்ட்டுட்டான்" என்றும் சொல்கிறார். அம்மா அதைக் கேட்டு அழுகிறார். இரட்டையரை எப்படிக் கணக்குப் பார்ப்பது? பவுடர் பால் தேவையா? வேறு எதைக் கவனிக்கணும்?

பதில் 1: சிசு_செவிலி

அக்கா, முதல்ல வயசைத் திருத்துங்க, அப்புறம் எடையைப் பாருங்க. 40 வாரத்துல பிறக்க வேண்டியவங்க 34-லயே வந்துட்டாங்க, 6 வாரம் முன்னாடி. 22-ல 6 போனா 16 வாரம். அதாவது திருத்திய வயசு 4 மாசம்கூட முழுசா ஆகல.

இப்ப உலக சுகாதார நிறுவனத்தோட அளவுல பாருங்க. 5 மாசத்துப் பையனுக்கு மஞ்சள் தொடங்குற கோடு 6.0 கிலோ, பொண்ணுக்கு 5.4. அதனாலதான் ரெண்டு பேரும் கீழ விழுந்தாங்க. 4 மாசத்துக்கு அதே கோடு பையனுக்கு 5.6, பொண்ணுக்கு 5.0. நம்ம பையன் 5.9, பாப்பா 5.2. ரெண்டு பேரும் பச்சை! 4 மாசம் முழுசா ஆகாதபோதே இப்படின்னா பயப்பட ஒண்ணுமில்ல.

2 வயசு வரைக்கும் எடை, நீளம், தலைச்சுற்றளவு, தலை நிக்கிறது, புரள்றது எல்லாத்துக்கும் இந்தத் திருத்திய வயசுதான். தடுப்பூசிக்கு மட்டும் கழிக்கக் கூடாது. 6, 10, 14 வார ஊசியெல்லாம் பிறந்த தேதிப்படிதான். "குறைமாசம், கொஞ்சம் தேறட்டும்"னு வீட்டுல ஊசியைத் தள்ளிப்போடுறாங்க. கக்குவான் மாதிரி நோயெல்லாம் இந்தக் குழந்தைகளைத்தான் அதிகமா வாட்டும், அதனால அட்டையில தேதி சரியா இருக்கான்னு பாத்துடுங்க.

இன்னொண்ணு, ஒரு புள்ளியை வச்சு முடிவு பண்ணாதீங்க. 154 நாள்ல பையன் 3.8 கிலோ ஏறியிருக்கான், ஒரு நாளைக்குச் சுமார் 25 கிராம். பாப்பா 3.5 கிலோ, சுமார் 23 கிராம். முதல் 3 மாசம் நாளுக்கு 25–30 கிராம், அடுத்த 3 மாசம் 15–20 கிராம்னு ஏறினா நல்ல ஓட்டம்.

பதில் 2: குழந்தைநலம்_மதுரை

செவிலியர் சொன்ன கணக்கு சரி. பாட்டி சொன்னதற்கு வருகிறேன், ஏனென்றால் அந்தத் தாய் அதைத்தான் சுமந்துகொண்டிருக்கிறார்.

ஆணும் பெண்ணுமாகப் பிறந்தால் அவர்கள் இரு கருமுட்டையிலிருந்து வந்தவர்கள். ஆளுக்கொரு நஞ்சுக்கொடி. இரண்டும் அருகருகே ஒட்டி, பிரசவத்தில் ஒன்றுபோலத் தெரியலாம். ஆனாலும் இரத்த ஓட்டம் தனித்தனி. ஒருவர் பங்கை மற்றவர் எடுக்க வழியே இல்லை. நஞ்சுக்கொடி கருப்பையில் எந்த இடத்தில் ஒட்டியது, தொப்புள்கொடி அதன் நடுவில் சேர்ந்ததா ஓரத்தில் சேர்ந்ததா என்பதெல்லாம்தான் எடையை மாற்றும். தாய் சாப்பிட்டது, செய்தது எதுவும் இந்த வித்தியாசத்துக்குக் காரணம் இல்லை என்று அவரிடம் தெளிவாகச் சொல்லுங்கள்.

இரத்தம் ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குப் போகிற சிக்கல் உண்மையில் இருக்கிறது. அது ஒரே கருமுட்டையிலிருந்து வந்து, ஒரே நஞ்சுக்கொடியைப் பகிரும் ஒத்த இரட்டையரிடம் வருவது, அவர்களிலும் 100-இல் 10 முதல் 15 கர்ப்பங்களில்தான். அதனால்தான் 11 முதல் 14 வாரத்துக்குள் எடுக்கும் ஸ்கேனிலேயே நஞ்சுக்கொடி ஒன்றா இரண்டா என்று எழுதச் சொல்கிறோம். பிற்பாடு பார்த்துச் சொல்வது கடினம். ஒன்று என்றால் 16-வது வாரத்திலிருந்து இரண்டு வாரத்துக்கு ஒரு ஸ்கேன். உங்கள் மையத்துக் கர்ப்பிணிகளில் இரட்டை இருந்தால் அந்த ரிப்போர்ட்டில் இந்த ஒரு வரியைத் தேடுங்கள்.

எடை வித்தியாசத்தைக் கணக்கிட பெரிய எடையிலிருந்து சின்ன எடையைக் கழித்து, பெரிய எடையால் வகுங்கள். இங்கே 0.4-ஐ 2.1-ஆல் வகுத்தால் 19 சதவீதம். 20–25-ஐத் தாண்டினால் கூடுதல் கவனம் தேவை. இவர்கள் விளிம்பில் இருக்கிறார்கள்.

வயிற்றில் இரட்டையர் ஏறக்குறைய 28–30 வாரம் வரை ஒற்றைக் குழந்தையைப் போலவே வளர்கிறார்கள். அதன் பிறகுதான் வேகம் குறைகிறது. பாதிக்கு மேற்பட்டவர்கள் 37 வாரத்துக்கு முன்பே பிறந்தும் விடுகிறார்கள். பிறந்தபின் வரும் நோய்களில் பெரும்பகுதி குறைமாதத்தாலும் எடைக் குறைவாலும் வருபவை: உடல் குளிர்ந்துபோவது, சர்க்கரை இறங்குவது, மஞ்சள் காமாலை, உறிஞ்சும் பலம் போதாமை. 34 வாரத்தில் தனியாகப் பிறந்த குழந்தைக்கும் இவை வரும்.

இந்த இருவருக்கும் இப்போது மூன்று விஷயங்களைப் பார்க்கவேண்டும். முதலாவது கண். நம் நாட்டு வழிமுறைப்படி 34 வாரத்துக்கு முன்போ 2 கிலோவுக்குக் கீழோ பிறந்தால் 30 நாளுக்குள் விழித்திரைப் பரிசோதனை செய்திருக்கவேண்டும். பாப்பா 1.7, அவளுக்குக் கட்டாயம். பையன் எடையால் தப்பினாலும், ஆக்சிஜனில் இருந்திருந்தால் அவனுக்கும் வேண்டும். டிஸ்சார்ஜ் சீட்டில் எழுதியிருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் இந்த வாரமே கண் மருத்துவரிடம் அனுப்புங்கள். இரண்டாவது காது. கேட்கும் பரிசோதனையும் அதே சீட்டில் இருக்கவேண்டும்.

மூன்றாவது இரும்புச்சத்து, பலரும் விட்டுவிடுவது இதைத்தான். தாயிடமிருந்து குழந்தைக்கு இரும்பு சேர்வது பெரும்பாலும் கடைசி மூன்று மாதத்தில். நிறைமாதக் குழந்தை அதை வைத்து 6 மாதம் ஓட்டும். இவர்கள் அந்தக் காலத்தில் 6 வாரத்தை இழந்தவர்கள். வழக்கமான அளவு கிலோவுக்கு நாளொன்றுக்கு 2 மி.கி.; பாப்பாவுக்குச் சுமார் 10 மி.கி. ஆனால் ஒரு மில்லியில் எத்தனை மி.கி. என்பது பாட்டிலுக்குப் பாட்டில் மாறும். மருத்துவர் எழுதிய மருந்தின் லேபிளைப் படித்துத்தான் மில்லியைச் சொல்லவேண்டும். 6 மாதத்துக்கு மேல் வாரம் இருமுறை நாம் கொடுக்கிற அரசு சிரப்பில் ஒரு மில்லிக்கு 20 மி.கி. இருக்கிறது, அதை இந்த அளவோடு குழப்பிக்கொள்ளாதீர்கள். வைட்டமின் டி நாளுக்கு 400 யூனிட்.

திருத்திய வயதில் 3 மாதம் கடந்தும் முகம் பார்த்துச் சிரிக்கவில்லை, 4–5 மாதத்தில் தலை நிற்கவில்லை, கை எப்போதும் இறுகிய முஷ்டியாகவே இருக்கிறது, துணி மாற்றும்போது கால்கள் விறைக்கின்றன என்றால் காத்திருக்க வேண்டாம். மாவட்ட மருத்துவமனையின் ஆரம்பநிலை இடையீட்டு மையத்துக்கு அனுப்புங்கள்.

பதில் 3: தாய்ப்பால்_துணை

பவுடர் பால் பற்றி. ரெண்டு பேரும் நாளுக்கு 20 கிராமுக்கு மேல் ஏறி வந்திருக்கும்போது "பால் பத்தல" என்ற பேச்சுக்கே இடமில்லை. குழந்தை ஒன்றுக்கு ஒரு நாளைக்கு 750 மில்லி அளவு போகும். இந்த அம்மா அதுபோல் இருமடங்கு சுரக்கிறார். ஒரு குழந்தைக்குப் பாலூட்டும் தாய்க்கே நாளுக்கு 600 கலோரி கூடுதலாக வேண்டும். இவருக்கு அது போதாது. பவுடர் டப்பாவுக்குச் செலவழிக்கும் காசில் முட்டை, நிலக்கடலை, கேழ்வரகு, பருப்பு என்று அம்மா தட்டில் போடச் சொல்லுங்க.

தேவையில்லாமல் ஆரம்பித்தால் என்ன ஆகிறது? ஒரு வேளை பாட்டில் போனால் அந்த வேளை மார்பு காலியாகாது, பால் குறையும். பிறகு டப்பா சீக்கிரம் தீருகிறதென்று பவுடரைக் குறைத்துத் தண்ணீரை ஏற்றுவார்கள். பெரும்பாலான டப்பாக்களில் 30 மில்லி தண்ணீருக்கு மட்டமாக ஒரு கரண்டி. 60 மில்லிக்கு ஒரு கரண்டி போட்டால் வயிறு நிறையும், எடை ஏறாது.

சின்னவள் சீக்கிரம் களைத்துப்போகிறவள் என்றால் அவளை நிறைந்த மார்பில் முதலில் போடணும். "இது அவனுக்கு, இது அவளுக்கு" என்று பக்கம் பிரிக்கிற வழக்கம் வேண்டாம். பலமாக உறிஞ்சுகிறவன் பக்கம் நிறைய சுரக்கும், மெதுவாகக் குடிக்கிறவள் பக்கம் வற்றும். தினம் பக்கத்தை மாற்றினாலே போதும். இருவரையும் ஒன்றாகக் குடிக்கவைக்க, ஆளுக்கொரு கக்கத்தில் இடுக்கிப் பிடிக்கணும்: கால்கள் அம்மாவின் முதுகுப் பக்கம், தலை உள்ளங்கையில், முழங்கைக்குக் கீழே மடித்த தலையணை. ஒருத்தர் பசிக்கு எழுந்தால் மற்றவரையும் எழுப்பிக் கொடுத்தால்தான் அம்மாவுக்கு இரவில் இரண்டு மணி நேரமாவது தொடர்ந்து தூக்கம் கிடைக்கும்.

மையம்_தேனி:

மிக்க நன்றி. அம்மாவிடம் நஞ்சுக்கொடி விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். ஒரு சந்தேகம். அட்டையில் 14, 18, 22-வது வார எடை: பையன் 4.8, 4.7, 5.9. பாப்பா 4.2, 5.4, 5.2. பையன் நடுவில் இளைத்துவிட்டுத் திரும்ப ஏறியிருக்கிறான், பாப்பா இப்போது இறங்குகிறாள். இதுவும் இரட்டையருக்கு வருவதா? பெரியவர்கள் ஆனபிறகும் இப்படி இளைத்தே இருப்பார்களா?

பதில் 4: குழந்தைநலம்_மதுரை

நல்லவேளை, எண்ணை எழுதினீர்கள். 28 நாளில் 4.2-இலிருந்து 5.4 என்றால் நாளுக்கு 43 கிராம், இந்த வயதில் நம்பும்படி இல்லை. 18-வது வாரத்தில் ஒருவர் எடை மற்றவர் அட்டையில் ஏறிவிட்டது. மாற்றிப் போட்டுப் பாருங்கள்: பையன் 4.8, 5.4, 5.9; பாப்பா 4.2, 4.7, 5.2. இரண்டு கோடும் நேராகிறது. ஒரே நாளில் ஒருவர் கோடு சரிய, மற்றவர் கோடு எகிறினால் முதலில் சந்தேகப்படவேண்டியது இதைத்தான்.

பழைய எண்ணை அழிக்காமல் ஒரு கோடு அடித்து, பக்கத்தில் சரியானதை எழுதித் தேதி போடுங்கள். இனி ஒருவரை எடைபோட்டு எழுதி முடித்தபிறகே அடுத்தவர் துணியைக் கழற்றவேண்டும். நனைந்த டயப்பரே 100 கிராம் காட்டும், அதனால் இருவரையும் வெறும் உடம்போடு, ஒரே தராசில், ஒரே நேரத்தில் பாருங்கள்.

பிற்காலம் பற்றி: பிறப்பில் உள்ள குறையில் பெரும்பகுதி முதல் இரண்டு மூன்று ஆண்டில் ஈடாகிவிடுகிறது, மிச்சம் பள்ளி வயதில். அமெரிக்காவின் லூயிவில் நகரில் இரட்டையரைப் பிறப்பிலிருந்து 9 வயது வரை அளந்த ஆய்வில், ஒத்த இரட்டையரின் எடை வித்தியாசம் வரவரக் குறைந்தது. இரு கருமுட்டை இரட்டையர் ஆளுக்கொரு பாதையில் விலகினர். இந்த அண்ணனும் தங்கையும் இரண்டாம் வகை, 5 வயதில் ஒரே உயரம் இருக்கவேண்டும் என்று எதிர்பார்க்காதீர்கள். டென்மார்க்கில் 1870 முதல் 1900 வரை பிறந்த இரட்டையரின் பதிவுகளைப் பார்த்தபோது, 6 வயதைத் தாண்டியவர்களின் இறப்பு விகிதம் மற்றவர்களுடையதைப் போலவே இருந்தது.

பேச்சு மட்டும் சில மாதம் தாமதமாகலாம். இருவரையும் சேர்த்தே பேசுவதால் ஆளுக்குக் கிடைக்கும் பேச்சு பாதியாகிறது. குளிப்பாட்டும்போது தனித்தனியாக, பெயர் சொல்லி, முகம் பார்த்துப் பேசச் சொல்லுங்கள். பாட்டிக்கு ஏற்ற வேலை அது.

அடுத்த எடை 26-வது வாரத்தில். அட்டையில் 20-வது வாரக் கோட்டில் வையுங்கள்.