1 கட்டைக்கு வயலினை இறக்கினால் நாதம் போகுமா?

பஞ்சமம்:
ஆண் பாடகருக்குப் பக்கவாத்தியம் என்றால் 1 கட்டை (ஸட்ஜம் சி), ஒன்றரைக் கட்டை (சி ஷார்ப்). நான்கு தந்திகளையும் கீழிருந்து ச-ப-ச-ப என்று சேர்க்கிறோம். கடையில் கிடைக்கும் ஜி-டி-ஏ-இ (நான்காவது தந்தியிலிருந்து முதல் தந்தி வரை) செட்டை அப்படியே இறக்கினால் மேல் தந்திகள் இரண்டும் தொளதொளவென்று ஆகிவிடுகின்றன. வில்லை அழுத்தினால் சுருதி ஏறுகிறது. நான்காவது தந்தியான மந்தர ஸட்ஜம் ஃபிங்கர்போர்டில் பட்டு இரைகிறது. "தந்தி தளர்ந்திருந்தால்தான் கமகம் (ஸ்வரத்தின் அசைவு) வரும், பழகிக்கொள்" என்பதுதான் வழக்கமான பதில். இது சரியா?

தஞ்சை_வில்:
சரிதான். நம் சங்கீதத்துக்கு அந்தக் கணீர் நாதம் வேண்டியதில்லை. வீணையைப் பாருங்கள், தந்தி இளகினால்தான் காந்தாரம் பேசும். தஞ்சாவூரில் ஷ்வார்ட்ஸ் பாதிரியாரிடம் தஞ்சை நால்வரில் ஒருவரான வடிவேலு கற்றுக்கொண்ட நாளிலிருந்தே நம்மவர்கள் தந்தியை இறக்கித்தான் வாசிக்கிறார்கள். இருநூறு வருஷப் பழக்கம் தப்பாக இருக்குமா? வில்லை லேசாகப் பிடித்து, இழுப்பை நீளமாக்கினால் சுருதி ஏறாது.

கணக்கன்:
பழக்கம் இருக்கட்டும், கணக்கைப் பார்ப்போம். ஒரே தந்தி, ஒரே நீளம் என்றால் இழுவிசை அதிர்வெண்ணின் வர்க்கத்தைப் பொறுத்தது. இரண்டாவது தந்தி பிறந்த சுருதி ஏ, 440. 1 கட்டைக்கு அது சி, 261.6. விகிதம் 0.595, அதன் வர்க்கம் 0.35. அதாவது தயாரித்தவர் நினைத்த இழுவிசையில் 35 சதவீதம்தான் மிச்சம். முதல் தந்தி இ-யிலிருந்து ஜி-க்கு இறங்கும்போதும் அதே 35. கீழ் இரண்டும் 44. இரண்டரைக் கட்டையில் (டி ஷார்ப்) மேல் இரண்டும் சரியாகப் பாதி, கீழ் இரண்டும் 63.

ஐந்தரைக் கட்டைக்கு (ஜி ஷார்ப்) வாருங்கள். மேல் இரண்டும் 89 சதவீதம், கீழ் இரண்டும் 12 சதவீதம் கூடுதல். பெண் குரலுக்கு வாசிக்கும்போது அதே வாத்தியம் "திடீரென்று திறந்துகொண்டது" என்கிறார்களே, காரணம் இதுதான். ராசியும் இல்லை, மரமும் இல்லை.

வீணை உதாரணம் இங்கே பொருந்தாது. வீணையில் மெட்டின்மேல் தந்தியைப் பக்கவாட்டில் இழுத்துச் சுருதியை ஏற்றுகிறோம், அதனால் இளக்கம் உதவும். வயலினில் விரல் தந்தியின் நீளவாக்கில் ஓடுகிறது. தோடி காந்தாரத்தில் சுத்த ரிஷபத்துக்கும் சுத்த மத்தியமத்துக்கும் நடுவே அசைக்க, 33 செ.மீ. தந்தியில் 64 மி.மீ. ஓட வேண்டும். அதே தந்தியில் ஒரு ஸ்தாயி மேலே 32 மி.மீ. தந்தியை எவ்வளவு தளர்த்தினாலும் இந்தத் தூரம் ஒரு மில்லிமீட்டர்கூடக் குறையாது.

தஞ்சை_வில்:
தூரம் குறையாது, ஒத்துக்கொள்கிறேன். உராய்வு குறையுமே! இறுகிய தந்தியை அழுத்திக்கொண்டு 64 மி.மீ. ஓடினால் விரல் நுனி தேய்ந்துவிடும். தடிமன் தந்தி போட்டால் இன்னும் மோசம்: வில் பட்டதும் பேசாது, ஒரு கணம் கழித்துத்தான் பேசும். துரித கால ஸ்வரத்தில் அந்த ஒரு கணம் போதும், கோர்வை கலைந்துவிடும். உங்கள் சதவீதத்தில் அது எங்கே வருகிறது?

ஸ்வரஜதி:
நடுவில் ஒரு திருத்தம். ஷ்வார்ட்ஸ் இறந்தது 1798-ல். வடிவேலு பிறந்தது 1810-ல். அந்தக் கதை எத்தனை புத்தகத்தில் இருந்தாலும் நடந்திருக்க முடியாது. 1834-ல் திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் அவருக்குத் தந்த வயலின் வேறு செய்தி, அதைத் தொட வேண்டாம். கர்நாடக சங்கீதத்தில் வயலினை முதலில் கையில் எடுத்தவராக வழக்கமாகச் சொல்லப்படுபவர், முத்துசாமி தீட்சிதரின் தம்பி பாலுஸ்வாமி தீட்சிதர் (1786–1858). மணலி முதலியார் ஆதரவில் ஐரோப்பியர் ஒருவரிடம் கற்றவர்.

இன்னொன்று: ச-ப-ச-ப நாம் மட்டும் கண்டுபிடித்தது என்ற பெருமையும் கொஞ்சம் குறையட்டும். ஸால்ஸ்பர்க்கில் இசையமைப்பாளர் பீபர் 1676 வாக்கில் எழுதிய ஜெபமாலை சொனாட்டாக்களில் இரண்டாவது, ஏ-இ-ஏ-இ. நம் கணக்கில் 6 கட்டை ச-ப-ச-ப! ஆனால் அவர் மேல் இரண்டைத் தொடவில்லை. கீழ் இரண்டை ஒரு முழு ஸ்வரம் ஏற்றினார். இறக்கவில்லை.

தஞ்சை_வில்:
தேதியை ஏற்கிறேன், ஷ்வார்ட்ஸை எடுத்துவிடுங்கள். பீபர் ஒரு சொனாட்டாவுக்கு மாற்றினார், அடுத்ததற்கு வேறு சுருதி. நாம் அதிலேயே குடியிருக்கிறோம். அது வேறு விஷயம்.

ஸ்வரஜதி:
அது நியாயம். குடியிருப்பதற்கு வழி செய்தது சுருதி மட்டுமில்லை, உட்காரும் முறையும்தான். பாலுஸ்வாமி கற்ற காலத்தில் ஐரோப்பாவிலேயே தாடைப்பலகை இல்லை. ஜெர்மன் வயலின் கலைஞர் ஷ்போர் அதைக் கொண்டுவந்தது 1820 வாக்கில். இடக்கையே வாத்தியத்தைத் தாங்க வேண்டியிருந்தது, கை மேலிருந்து கீழே இறங்கும்போது வாத்தியம் நழுவும். தலைப்பகுதியை வலது கணுக்காலில் ஊன்றி மறுமுனையை மார்பில் சாய்த்ததும் இடக்கை முழுக்க விடுதலை. கமகம் வந்தது அதனால். தளர்ந்த தந்தியால் என்று சொல்வது, தேருக்கு முன்னால் ஓடுகிறவன் தான்தான் தேரை இழுப்பதாக நினைப்பது மாதிரி.

கணக்கன்:
தஞ்சை_வில் சொன்ன தாமதம் உண்மை. தடித்த தந்தி மெதுவாகத்தான் பேசும். ஆனால் 35 சதவீதத் தந்தியும் சுத்தமாகப் பேசுவதில்லை, வில்லின் அடியில் வழுக்கிச் சீறும். நடுவழி ஒன்று இருக்கிறது: தந்திகளை ஓரிடம் தள்ளிப் போடுவது.

1 கட்டைக்கு, மூன்றாவது இடத்தில் வயலின் ஜி. அதுவே மந்தர பஞ்சமம், இறக்கவே வேண்டாம். இரண்டாவதில் டி தந்தி, சி-க்கு இறக்கினால் 79 சதவீதம். முதலாவதில் ஏ தந்தி, ஜி-க்கு இறக்கினால் அதுவும் 79. நான்காவதுக்கு, வயலினைவிடப் பெரிய வாத்தியமான வயோலாவின் சி. வயோலா தந்தியின் நீளம் 37 செ.மீ. அளவு, வயலினில் 33. ஆகவே அதுவும் ஏறக்குறைய 80 சதவீதத்தில் நிற்கும். நான்கும் ஒரே பதத்தில்.

பஞ்சமம்:
இதில் என்ன கெடும்?

கணக்கன்:
முதலில் நட்டின் (பிரடைக்குப் போகுமுன் தந்தி அமரும் மேல்விளிம்பு) பள்ளம். இ தந்திக்கு வெட்டிய பள்ளத்தில் ஏ தந்தி நெருக்கும், பிரடையை (முறுக்காணி) திருப்பும்போது மேல்சுற்று பிய்ந்துவிடும். ஊசி அரத்தால் அகலப்படுத்தி, பென்சில் கரியைத் தேய்க்க வேண்டும். ஆழப்படுத்தக் கூடாது; தந்தியின் மூன்றில் ஒரு பங்கு அமர்ந்தால் போதும். குதிரையிலும் (பிரிட்ஜ்) அப்படியே. முதல் தந்தியின் ஃபைன் ட்யூனர் வளையத்துக்கான ஒற்றைக் கொக்கியாக இருந்தால், குண்டு முனையுள்ள ஏ அதில் நிற்காது, இரட்டைப் பல் ட்யூனர் வாங்க வேண்டும். வயோலா தந்தி நீளம் அதிகம் என்பதால் பிரடைப் பெட்டியில் சுற்று குவிந்து சுவரை உரசும். நிதானமாகப் பக்கத்தில் பக்கத்தில் சுற்றுங்கள். ஃபிங்கர்போர்டின் முனையில் நான்காவது தந்திக்கு 5.5 மி.மீ. இடைவெளியாவது இல்லையென்றால் இரைச்சல் போகாது.

நான்கையும் ஒரே நேரத்தில் கழற்றினால் உள்ளே நிற்கும் மரக்குச்சியான சவுண்ட் போஸ்ட் விழக்கூடும். ஒன்றைக் கழற்றி ஒன்றைப் போடுங்கள். ஒவ்வொன்றும் ஏறிய பிறகு குதிரையின் பின்பக்கம் செங்குத்தாக நிற்கிறதா என்று பாருங்கள்.

தஞ்சை_வில்:
இத்தனை செய்த வாத்தியத்தை நாளைக்கு ஐந்தரைக் கட்டைக்கு ஏற்ற முடியாது, ஏ தந்தி அறுந்துவிடும். ஆக இரண்டு வயலின் வேண்டும். வசதி உள்ளவர்களுக்குச் சரி. ஒரே வயலின் வைத்திருக்கிறவர் சாதாரண செட்டிலேயே கொஞ்சம் தடித்ததை வாங்கிப் போட்டு, இரண்டரைக் கட்டையில் சாதகம் செய்யட்டும். தேங்காய் எண்ணெயை விரல் நுனியில் மட்டும் தொட்டுக்கொள்ளுங்கள், வில் படும் இடத்துக்குப் போனால் ரோசின் பிடிக்காது.

கணக்கன்:
இரண்டு வயலின் விஷயத்தில் மறுப்பில்லை. இரண்டரைக் கட்டைக்கு இந்தத் தள்ளிப்போடும் வித்தை வேண்டாம். ஏ தந்தியை முதலிடத்தில் போட்டால் 12 சதவீதம் மேலே போகும், விரலுக்குக் கஷ்டம்.

பஞ்சமம்:
அப்படியானால் ஒன்றரைக் கட்டை?

கணக்கன்:
தள்ளிப் போடுங்கள். டி, ஏ இரண்டும் 89-ல் நிற்கும். ஜி மட்டும் அரை ஸ்வரம் ஏறும், தாங்கும்.